‘போட்டியின்றித் தேர்வானார்’: வளர்ந்துவரும் அரசியல்வாதியின் கலைக்களஞ்சியப் பக்கத்தை எடைபோடுதல்

1996 மார்ச்சில், இல்லினாய் மாநில செனட்டின் 13ஆவது தொகுதிக்கான ஜனநாயகக் கட்சி உட்கட்சித் தேர்தலில் பராக் ஒபாமா போட்டியின்றித் தேர்வானார். இந்த வாக்கியத்தில் தவறு எதுவும் இல்லை. தேர்தல் முடிவுகளோடு ஒத்துப்போகிறது. புகழ்ச்சியும் இல்லை, இகழ்ச்சியும் இல்லை. சான்று கேட்டால் அரசாங்கப் பதிவையே எடுத்துக் காட்டலாம். கலைக்களஞ்சியம் ஒன்று தன் கட்டுரைகளுக்கு வகுத்துக்கொள்ளும் விதிகள் எல்லாவற்றிலும் இது தேறிவிடும்.

நடந்தது வேறு. அந்தத் தொகுதியின் செனட்டராக இருந்த ஆலிஸ் பால்மர், அமெரிக்கக் காங்கிரஸுக்குப் போட்டியிட வேண்டித் தம் இடத்தை விட்டுக்கொடுக்க முன்வந்தார். தமக்குப் பிறகு வரத்தக்கவர் என்று ஒபாமாவைக் கைகாட்டியவரும் அவரே. 1995 நவம்பரில் அந்தப் போட்டியில் தோற்றதும் பழைய இடத்துக்கே திரும்ப விரும்பினார். ஒபாமா விலக மறுத்துவிட்டார். வேட்புமனுவோடு சேர்த்துத் தரவேண்டிய வாக்காளர் கையெழுத்துகள் செல்லத்தக்கவைதானா என்று ஒபாமாவின் ஆட்கள் தாள் தாளாகப் புரட்டிப் பார்த்து ஆட்சேபம் எழுப்பினார்கள். பால்மர் உட்படப் போட்டிக்கு வந்த நால்வரில் ஒருவர் பெயரும் கடைசியில் வாக்குச்சீட்டில் இல்லை. சட்டம் அனுமதித்த வழிதான். சிகாகோ அரசியலில் பழகிப்போன உத்தியும்கூட. ஆனாலும் தம் முதல் தேர்தலை அந்த இளம் வழக்கறிஞர் எப்படி வென்றார் என்பதை அறிய விரும்புகிற வாசகருக்கு ‘போட்டியின்றி’ என்ற சொல் எதையும் சொல்வதில்லை. சொல்லப்போனால், அறியவேண்டியதை அது மறைத்துவிடுகிறது.

அரசியலில் இப்போதுதான் கால்வைத்த ஒருவரைப் பற்றிய கலைக்களஞ்சியக் கட்டுரையின் தரத்தை எப்படி அளப்பது என்பதே இக்கட்டுரையின் கேள்வி. பெருந்தலைவர்களைப் பற்றிய கட்டுரைகளை அளப்பது ஒப்பீட்டளவில் எளிது. ஆயிரம் பேர் படிப்பார்கள், நூறு பேர் திருத்துவார்கள், பத்து வரலாற்று நூல்களாவது பக்கத்தில் இருக்கும். முதல்முறை உறுப்பினருக்கு இவை எதுவும் இல்லை. அவரைப் பற்றி உலகத்துக்குத் தெரிந்ததில் பெரும்பகுதி அவரே சொன்னது. அதனால் அப்படிப்பட்ட பக்கத்தின் குறை பெரும்பாலும் எழுதப்பட்ட வாக்கியங்களில் இருக்காது. எழுதாமல் விட்டதில் இருக்கும், யார் வாயிலிருந்து வந்தது என்பதில் இருக்கும். தரம் பார்க்கும் நம் முறைகளோ எழுதப்பட்டதை மட்டும் எண்ணிப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுகின்றன.

அச்சுக் கலைக்களஞ்சியங்கள் இந்தச் சிக்கலைத் தொடாமல் விலகிச் சென்றன. லெஸ்லி ஸ்டீபன் 1885இல் தொடங்கிவைத்த பிரிட்டனின் தேசிய வாழ்க்கை வரலாற்று அகராதி 63 தொகுதிகளாக 1900இல் நிறைவுபெற்றது. அதில் இடம்பெற ஒருவர் இறந்திருக்க வேண்டும். முடிந்துபோன வாழ்க்கையைத்தான் எடைபோட முடியும் என்பது அவர்கள் கணக்கு. பெரியசாமித் தூரனை முதன்மை ஆசிரியராகக் கொண்டு 1954 முதல் பத்துத் தொகுதிகளாக வெளிவந்த நம் கலைக்களஞ்சியத்திலும் நேற்று வென்ற சட்டமன்ற உறுப்பினருக்குத் தனிக் கட்டுரை எழுதும் எண்ணம் யாருக்கும் வந்திருக்காது. தாளின் விலையும் ஆசிரியர் குழுவின் நேரமும் அந்தக் கதவை மூடியே வைத்திருந்தன.

ஒரு பெரும் முயற்சி அந்தக் கதவை வேண்டுமென்றே திறந்தது. பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் வரலாற்றை அதன் உறுப்பினர்கள் அனைவரின் வாழ்க்கைக் குறிப்புகள் வழியாக எழுதவேண்டும் என்ற திட்டம் அது. லூயிஸ் நேமியரும் ஜான் புரூக்கும் தொகுத்த 1754–1790 காலப்பகுதிக்கான மூன்று தொகுதிகள், நேமியர் மறைந்து நான்கு ஆண்டுகளுக்குப் பிறகு, 1964இல் வெளிவந்தன. பிட், பர்க் போன்றவர்களுக்கு மட்டுமல்ல, அவைக்கு வந்து உட்கார்ந்துவிட்டுப் போன நாட்டுப்புறக் கனவான்களுக்கும் அதில் இடம் உண்டு. யார் தயவில் நாடாளுமன்ற இடம் கிடைத்தது, மாமனார் யார், அரசிடமிருந்து ஓய்வூதியம் ஏதும் வாங்கினாரா, முக்கியமான வாக்கெடுப்புகளில் எந்தப் பக்கம் நின்றார் என்று ஒவ்வொருவரிடமும் அதே கேள்விகளைக் கேட்டார்கள். பலருடைய குறிப்பில் ஒரு செய்தி திரும்பத் திரும்ப வரும்: அவையில் இவர் பேசியதாகப் பதிவு ஏதும் இல்லை.

இந்த வரியை நான் பெரிதாக மதிக்கிறேன். ஆய்வாளர் தேடினார், தேடிய இடம் இன்னது, அங்கே எதுவும் கிடைக்கவில்லை என்பதைச் சொல்லும் வரி அது. வெற்றிடத்தைப் புகழுரையால் நிரப்பவில்லை. அடியோடு விட்டுவிடவும் இல்லை. உறுப்பினரின் மௌனமும் ஒரு தகவல் என்று பதிவுசெய்தார்கள். பின்வரிசை உறுப்பினர் ஒருவரைப் பற்றிய கட்டுரை எவ்வளவு சிறியதாக இருந்தாலும் தரமாக அமைய முடியும் என்பதற்கு நான் காட்டக்கூடிய முதல் சான்று அந்த மூன்று தொகுதிகள்தான்.

விக்கிப்பீடியா வந்ததும் எல்லாம் மாறிப்போனது. தாளுக்குப் பஞ்சமில்லை, ஆசிரியர் குழு என்று ஒன்று இல்லை. தேசிய அளவிலோ மாநில அளவிலோ பதவி வகித்தவர், அந்த நிலைச் சட்டமன்றங்களில் உறுப்பினராக இருந்தவர் என்றாலே தனிக் கட்டுரைக்குத் தகுதியுடையவர் என்று ஆங்கில விக்கிப்பீடியா கொள்கிறது. நகராட்சி உறுப்பினருக்கும் தோற்றுப்போன வேட்பாளருக்கும் அந்தச் சலுகை தானாகக் கிடைக்காது. அவர்களைப் பற்றி மற்றவர்கள் போதிய அளவு எழுதியிருக்க வேண்டும். வாசலில் நிற்கும் விதி இது. உள்ளே வந்தபின் கட்டுரை எப்படி இருக்கவேண்டும் என்பதற்கு வேறோர் ஏணி இருக்கிறது. குறுங்கட்டுரையில் தொடங்கிப் படிப்படியாக ஏறி, நல்ல கட்டுரை, சிறப்புக் கட்டுரை என்ற தகுதிகள்வரை அது போகிறது.

ஒபாமாவின் கட்டுரை அந்த ஏணியில் ஏறிய வேகம் கவனிக்கத்தக்கது. அமெரிக்க செனட்டுக்கான உட்கட்சித் தேர்தலில் அவர் வென்ற 2004 மார்ச்சில்தான் அவருக்கு விக்கிப்பீடியாவில் பக்கம் உருவானது. ஜூலை 27 அன்று பாஸ்டனில் நடந்த ஜனநாயகக் கட்சி மாநாட்டில் அவர் நிகழ்த்திய உரை நாடு முழுவதும் அவரை அறியச் செய்தது. ஆகஸ்டிலேயே கட்டுரைக்குச் ‘சிறப்பு’த் தகுதி வந்துவிட்டது. அப்போது அவர் மாநில செனட்டர் மட்டுமே. நவம்பர் தேர்தல் இன்னும் நடக்கவில்லை. ஓர் அரசியல்வாதியின் பக்கம் ஐந்து மாதத்தில் உச்சப் படியைத் தொட்டது, அன்றைய விதிகள் எவ்வளவு தளர்வாக இருந்தன என்பதையும் காட்டுகிறது. வரிக்கு வரி சான்று காட்டவேண்டும் என்ற கெடுபிடி அதற்குப் பிறகு வந்ததுதான். என் கணிப்பில் அந்தத் தகுதி அவசரப்பட்டுத் தரப்பட்டது. எழுதியவர்களைக் குறைசொல்லவில்லை. எழுதுவதற்கான மூலங்களே அன்று உருவாகியிருக்கவில்லை. ஆலிஸ் பால்மர் விவகாரத்தைச் சிகாகோ டிரிப்யூன் விரிவாகத் தோண்டியெடுத்தது 2007இல், ஒபாமா அதிபர் பதவிக்குப் போட்டியிட இறங்கிய பிறகு. மாநில செனட்டில் அவர் எப்படி வாக்களித்தார் என்பதை நியூயார்க் டைம்ஸ் அலசியது அதே ஆண்டு டிசம்பரில். எட்டு ஆண்டுகள் மாநிலத் தலைநகர் ஸ்பிரிங்ஃபீல்டில் அவர் செய்த வேலையை நாடு தழுவிய பத்திரிகைகள் திரும்பிப் பார்த்தது, அவர் அங்கிருந்து கிளம்பிய பிறகுதான். பெரும்பாலான மாநில உறுப்பினர்களுக்கு அந்தத் திரும்பிப் பார்த்தல் ஒருபோதும் நிகழ்வதில்லை.

நல்ல கட்டுரைக்கு ஆங்கில விக்கிப்பீடியா ஆறு தகுதிகளைக் கேட்கிறது. நடை தெளிவாக இருக்கவேண்டும், சொன்னது சரிபார்க்கத் தக்கதாக இருக்கவேண்டும், பொருளின் முக்கியப் பகுதிகள் எல்லாம் இடம்பெற வேண்டும், நடுநிலை வேண்டும், அன்றாடம் சண்டைபோட்டு மாற்றப்படாத நிலைத்தன்மை வேண்டும், பொருத்தமான படங்கள் வேண்டும். நடையும் படமும் பெரிய விஷயமில்லை. நிலைத்தன்மை தேர்தல் காலத்தில் எவருக்கும் இருக்காது. இளம் அரசியல்வாதியின் பக்கம் உண்மையில் தடுக்கி விழும் இடம் ‘முக்கியப் பகுதிகள்’ என்ற நிபந்தனை. எது முக்கியம் என்பதைக் கிடைத்த மூலங்களை வைத்தே முடிவுசெய்கிறோம். மூலங்கள் பேசாத பகுதி விடுபட்டதாகவே யாருக்கும் தோன்றாது. இருபது பத்திரிகைச் செய்திகள் ஒருவருடைய பிரச்சாரத்தைப் பற்றியும் ஒரே ஒரு செய்தி அவருடைய குழுப் பணியைப் பற்றியும் வந்திருந்தால், பிரச்சாரத்துக்கு இருபது பத்தியும் குழுப் பணிக்கு ஒரு வரியும் ஒதுக்கிய கட்டுரை விதிப்படி சரியானதாகிவிடுகிறது.

இந்த ஏணியில் கட்டுரை எந்தப் படியில் நிற்கும் என்று ஊகிக்க 2015 முதல் கணினி நிரலும் வந்தது. ஓரெஸ் என்று பெயர். கட்டுரையின் நீளம், மேற்கோள்களின் எண்ணிக்கை, தலைப்புகள், படங்கள், உள்ளிணைப்புகள் ஆகியவற்றை எண்ணிப் பார்த்து அது மதிப்பிட்டது. லட்சக்கணக்கான பக்கங்களை வரிசைப்படுத்த இது உதவும் என்பதில் ஐயமில்லை. ஆனால் ஒரு முதல்முறை உறுப்பினரின் பக்கத்தில் நாற்பது மேற்கோள்கள் இருந்து, நாற்பதும் அவருடைய அலுவலக அறிக்கையைத் தேதி மாற்றி வெளியிட்ட செய்திகளாக இருந்தால் அந்த நிரலுக்குத் தெரியாது. அவசரமாகப் பார்க்கும் மனிதருக்கும் தெரியாது. மேற்கோள் எண்ணிக்கையைத் தரமாகக் கொள்ளும் பழக்கம் நம்மிடமும் ஆழமாக ஊறியிருக்கிறது. அடிக்குறிப்பு அடர்ந்த ஆய்வேட்டைக் கண்டதும் மரியாதை கொள்ளும் அதே பழக்கம்தான்.

ஆடம் பிரவுன் என்ற அமெரிக்க அரசியலறிஞர் 2011இல் வெளியிட்ட ஆய்வு இங்கே மிகவும் பயன்படுகிறது. மாநில ஆளுநர் தேர்தல்கள், அவற்றில் நின்ற வேட்பாளர்கள், பதவி வகித்தவர்கள் என ஆயிரக்கணக்கான விக்கிப்பீடியாப் பக்கங்களை அவர் சோதித்தார். கட்டுரை இருக்கும் இடத்தில் அதிலுள்ள தகவல் ஏறத்தாழ எப்போதும் சரியாகவே இருந்தது. விடுபடல்களோ மிக அதிகம். அந்த விடுபடலும் தாறுமாறாக நிகழவில்லை. ஓர் ஒழுங்கோடு நிகழ்ந்தது. புதியவற்றுக்கும் புகழ்பெற்றவற்றுக்கும் நிறைவான பதிவு, பழையவற்றுக்கும் பேர்போகாதவற்றுக்கும் வெறுமை. 2005இல் நேச்சர் இதழ் அறிவியல் கட்டுரைகளை ஒப்பிட்டு, விக்கிப்பீடியாவில் கட்டுரைக்குச் சுமார் நான்கு பிழைகளும் பிரிட்டானிக்காவில் மூன்றும் இருந்ததாகச் சொன்னது எல்லோருக்கும் நினைவிருக்கிறது. பிரவுனின் முடிவை மேற்கோள் காட்டுபவர்கள் குறைவு. அரசியல் கட்டுரைகளை மதிப்பிட எனக்கு அதுவே நெருக்கமான வழிகாட்டி. பிழையைத் தேடி நேரத்தைச் செலவழிப்பதைவிட விடுபட்டதைத் தேடுவது மேல்.

விடுபட்டதை எப்படித் தேடுவது? முதலில் தகவல் யாரிடமிருந்து வந்தது என்று பார்க்கவேண்டும். ஒபாமாவின் இளமைக்காலத்தை அறிய 2004இல் இருந்த பெரிய மூலம் அவரே 1995இல் எழுதிய தன்வரலாறு. சில பாத்திரங்கள் பலரை ஒன்றாக்கிப் படைத்தவை, பெயர்கள் மாற்றப்பட்டவை, காலவரிசையும் அங்கங்கே கலைந்தது என்று நூலின் முன்னுரையிலேயே அவர் சொல்லிவிடுகிறார். நேர்மையான அறிவிப்பு. ஆனால் அந்த நூலிலிருந்து ஒரு தகவல் கலைக்களஞ்சியப் பக்கத்துக்கு நகரும்போது முன்னுரை கூடவே நகர்வதில்லை. 2012இல் டேவிட் மரானிஸ் ஆவணங்களைத் தேடி எழுதிய வாழ்க்கை வரலாறு பல குடும்பக் கதைகளைச் சோதித்தது. ஒபாமாவின் இந்தோனேசிய மாற்றாந்தந்தையின் தந்தை டச்சுப் படையை எதிர்த்துப் போரிட்டு மாண்டார் என்ற கதை அவற்றுள் ஒன்று. அவர் வீட்டில் திரைச்சீலை மாட்ட முயன்றபோது விழுந்து இறந்தார் என்று மரானிஸ் எழுதினார். குடும்பம் தன் பிள்ளைகளுக்குச் சொன்ன கதை அது. யாரையும் பொய்யர் என்று சொல்ல அதில் இடமில்லை. கலைக்களஞ்சியம் எழுதுபவர் செய்யக்கூடியது ஒன்றுதான்: ‘தம் தன்வரலாற்றில் அவர் கூறுவதன்படி’ என்ற நான்கு சொற்களைச் சேர்ப்பது. பக்கத்தில் அந்தச் சொற்கள் எத்தனை இடங்களில் வரவேண்டும், எத்தனை இடங்களில் வந்திருக்கின்றன என்று ஒப்பிட்டாலே கட்டுரையின் தரத்தில் பாதி தெரிந்துவிடும்.

ஒருவர் தம்மைப் பற்றிச் சொன்னதை மூலமாகக் கொள்ள விக்கிப்பீடியா விதி முற்றாகத் தடை போடவில்லை. தற்புகழ்ச்சியாக இல்லாதவரை, பிறரைப் பற்றிய கூற்றாக இல்லாதவரை, கட்டுரையே அதை நம்பி நிற்காதவரை அனுமதி உண்டு. மூன்றாவது நிபந்தனையைத்தான் பலரும் மறந்துவிடுகிறார்கள். பிறந்த ஊருக்கும் படித்த கல்லூரிக்கும் அவரையே நம்பலாம். ‘ஏழைகளுக்காக உழைத்தார்’ என்பதற்கு நம்பக்கூடாது.

சில சமயம் பக்கத்தை எழுதும் கையே அவருடையதாகிவிடுகிறது. மாசச்சூசெட்ஸைச் சேர்ந்த காங்கிரஸ் உறுப்பினர் மார்ட்டி மீஹன் 1992இல் முதன்முறை போட்டியிட்டபோது, நான்கு முறைக்கு மேல் பதவியில் இருக்கமாட்டேன் என்று வாக்குக் கொடுத்தவர். அந்த வாக்கைக் காப்பாற்றவில்லை. அவருடைய ஊழியர்கள் விக்கிப்பீடியாப் பக்கத்தை நீக்கிவிட்டு அலுவலகம் தயாரித்த வாழ்க்கைக் குறிப்பை அங்கே வைத்தார்கள். வாக்குறுதி பற்றிய செய்தி காணாமல் போனது. 2006 ஜனவரியில் லோவெல் சன் என்ற உள்ளூர் நாளிதழ் இதை வெளிக்கொண்டுவந்தது. இதில் கவனிக்க வேண்டியது, பொய் எதுவும் சேர்க்கப்படவில்லை என்பது. புதிய பதிப்பின் ஒவ்வொரு வரியும் உண்மையாகவே இருந்திருக்கலாம். வரிவரியாகச் சரிபார்ப்பவர் அதைத் தேறியதாகவே அறிவித்திருப்பார்.

சாரா பேலின் அலாஸ்கா ஆளுநராகி இரண்டு ஆண்டுகூட நிறையவில்லை. 2008 ஆகஸ்ட் 29 அன்று துணை அதிபர் வேட்பாளராக அவர் அறிவிக்கப்பட்டார். அதற்கு முந்தைய நாள் ‘யங்டிரிக்’ என்ற பெயரில் ஒருவர் பேலினின் பக்கத்தில் ஏறத்தாழ 30 திருத்தங்களைச் செய்திருந்தார். பெரும்பாலும் அவரைச் சிறப்பித்துக் காட்டுபவை. அடுத்த நாள் உலகமே அந்தப் பக்கத்தைத் திறந்து பார்த்தது. அதனால் அரசியல்வாதியின் பக்கத்தை எடைபோடுபவர் கட்டுரையைப் படிப்பதற்கு முன் ‘வரலாற்றைக் காட்டவும்’ என்ற பொத்தானை அழுத்தவேண்டும் என்பேன். யார் எழுதினார்கள், ஒரே கணக்கிலிருந்து எத்தனை திருத்தங்கள் வந்தன, அவை எந்தத் தேதிகளில் குவிந்தன, நீக்கப்பட்ட பத்தி எது என்பவை எல்லாம் அங்கே கிடக்கின்றன. அச்சுக் கலைக்களஞ்சியம் எதுவும் தன் வாசகருக்குத் தராத வசதி இது.

அந்தப் பொத்தானிலும் ஆபத்து உண்டு. பிரிட்டனின் கன்சர்வேட்டிவ் கட்சியின் அன்றைய இணைத் தலைவர்களில் ஒருவரான கிராண்ட் ஷாப்ஸ், மாற்றுப் பெயரில் தம் பக்கத்தையும் சகாக்களின் பக்கங்களையும் திருத்தினார் என்ற குற்றச்சாட்டு 2015 ஏப்ரலில், பொதுத்தேர்தலுக்குச் சில வாரங்கள் முன்பு எழுந்தது. அந்தக் கணக்கு முடக்கப்பட்டது. அவர் மறுத்தார். பிறகு விக்கிப்பீடியாவின் நடுவர் குழு விசாரித்து, அந்தக் கணக்கை அவரோடு இணைக்கப் போதிய ஆதாரம் இல்லை என்று கண்டது. முடக்கியவரின் சிறப்பு அதிகாரங்களும் பறிக்கப்பட்டன. திருத்தத்தின் போக்கை வைத்துக் கட்டுரையை எடைபோடலாம். ஆளைக் குற்றவாளியாக்க அது போதாது.

எதிர்த்திசையில் நிகழும் கேடு இன்னும் கொடியது. ராபர்ட் கென்னடியிடம் உதவியாளராகப் பணியாற்றிய மூத்த பத்திரிகையாளர் ஜான் சீகன்தாலர், கென்னடி சகோதரர்களின் கொலையில் தொடர்புடையவராகச் சந்தேகிக்கப்பட்டார் என்று 2005 மே மாதம் ஒருவர் அவர் பக்கத்தில் எழுதிவைத்தார். சுத்தப் பொய். நான்கு மாதங்களுக்கு மேல் அது அப்படியே இருந்தது. வாழ்பவர்களைப் பற்றிய கட்டுரைகளுக்குத் தனிக் கொள்கையை விக்கிப்பீடியா வகுக்க அதுவே காரணமாயிற்று. அந்தப் பொய் ஏன் அவ்வளவு காலம் நீடித்தது? அந்தப் பக்கத்தை அவ்வப்போது பார்த்துக்கொள்ள ஆள் இல்லை. முதல்முறை உறுப்பினர்களின் பக்கங்களும் அதே நிலையில்தான் இருக்கின்றன. அதிபரின் பக்கத்தில் எழுதப்படும் பொய்க்கு ஆயுள் சில நொடிகள். பின்வரிசை உறுப்பினரின் பக்கத்தில் அதே பொய் ஆட்சிக்காலம் முழுவதும் வாழலாம்.

அடுத்தது, அவர் செய்த வேலை. சட்டமன்ற உறுப்பினரின் கட்டுரையில் நான் முதலில் தேடுவது அதைத்தான். பெரும்பாலும் அங்கேதான் ஏமாற்றம். ‘பல சட்டங்களைக் கொண்டுவந்தார்’ என்ற வரியை ஒபாமாவை வைத்தே பிரித்துப் பார்க்கலாம். 1997 ஜனவரி முதல் ஆறு ஆண்டுகள் மாநில செனட்டில் அவருடைய கட்சி சிறுபான்மை. 2002 நவம்பர் தேர்தலில் பெரும்பான்மை கிடைத்தது. எமில் ஜோன்ஸ் அவைத்தலைவரானார். ஒபாமாவின் மேல் அவருக்குத் தனி அக்கறை இருந்தது. முக்கியமான மசோதாக்கள் ஒபாமாவின் கைக்கு வந்தன. கொலை வழக்கு விசாரணைகளை ஒலி, ஒளிப்பதிவு செய்யவேண்டும் என்று 2003இல் இல்லினாய் சட்டம் இயற்றியது. சட்டமன்றத்தின் மூலம் இதைக் கட்டாயமாக்கிய முதல் மாநிலம் அதுவே. அந்த மசோதாவை ஒபாமா முன்னின்று நடத்தினார், காவல்துறை தரப்போடு பேசி இணங்கவைத்தார். உண்மையான சாதனை. ஆனால் 1997 முதல் 2004 வரையிலான மசோதாக்களை ஒரே மூட்டையாகக் கட்டி எண்ணிக்கை தந்தால், அவருடைய திறமையும் கட்சிக்குக் கிடைத்த பெரும்பான்மையும் ஒன்றாகக் கலந்துவிடும். ஆண்டுவாரியாகப் பிரித்துக் காட்டிய கட்டுரை ஒரு பத்தி நீளும். வாசகருக்கு அரசியல் எப்படி இயங்குகிறது என்பது புரியும்.

இதைவிடச் சிக்கலானது ‘வருகை’ வாக்கு. இல்லினாயில் உறுப்பினர் ஆதரவாகவோ எதிராகவோ வாக்களிக்காமல் ‘வருகை’ என்று மட்டும் பதியலாம். மாநில செனட்டில் ஒபாமா அளித்த சுமார் 4,000 வாக்குகளில் ஏறத்தாழ 130 அத்தகையவை. எதிராளிகள் 2007–08இல் இதைக் கோழைத்தனம் என்றார்கள். அந்த எண்ணை மட்டும் தரும் கட்டுரை எதிராளியின் கட்டுரை. எண்ணைத் தராத கட்டுரை ஆதரவாளரின் கட்டுரை. அந்த மாநில விதிப்படி மசோதா நிறைவேற, வந்திருப்பவர்களில் அல்ல, மொத்த உறுப்பினர்களில் பெரும்பான்மை வேண்டும்; 59 பேர் கொண்ட செனட்டில் 30 வாக்கு. ஆகவே ‘வருகை’ என்பது நடைமுறையில் எதிர் வாக்குக்கே சமம். கருக்கலைப்பு தொடர்பான சில மசோதாக்களில் இது உரிமை அமைப்புகளோடு கலந்து வகுத்த உத்தி என்று அந்த அமைப்பினரே பின்னர் கூறினார்கள். வேறு சிலவற்றில் அவர் தனியாகவோ ஓரிருவரோடோ மட்டும் அப்படிப் பதிந்திருக்கிறார். அவற்றுக்கு அந்த விளக்கம் பொருந்தாது. இவ்வளவையும் நான்கு வாக்கியங்களில் சொல்லிவிடலாம். அந்த நான்கு வாக்கியங்கள் இருந்தால் அந்தக் கட்டுரை நல்ல கட்டுரை என்று தயங்காமல் சொல்வேன்.

இதே அளவுகோலை அப்படியே இந்தியாவுக்குத் தூக்கிவர முடியாது. 1985இல் வந்த கட்சித்தாவல் தடைச் சட்டத்துக்குப் பிறகு, கொறடா உத்தரவை மீறி வாக்களித்தால் பதவியே போகும். பெரும்பாலான மசோதாக்களும் குரல் வாக்கெடுப்பில் நிறைவேறுகின்றன. யார் எப்படி வாக்களித்தார் என்று பெயர்வாரியாகப் பதிவு இருக்காது. எனவே நம் சட்டமன்ற உறுப்பினரின் வாக்குப் பதிவைத் தேடிப் பயனில்லை. அவர் கேட்ட வினாக்கள், மானியக் கோரிக்கை விவாதத்தில் பேசியது, கொடுத்த வெட்டுத் தீர்மானம், கவன ஈர்ப்புத் தீர்மானம், பொதுக் கணக்குக் குழுவிலோ மதிப்பீட்டுக் குழுவிலோ இருந்த காலம், தொகுதி மேம்பாட்டு நிதியைச் செலவிட்ட விதம் ஆகியவைதான் அவருடைய வேலைக்கான தடயங்கள்.

வாழ்க்கைத் தகவலுக்கு இந்தியாவில் ஒரு நல்ல மூலம் இருக்கிறது. உச்ச நீதிமன்றம் 2002இலும் 2003இலும் அளித்த தீர்ப்புகளின் விளைவாக, வேட்பாளர் ஒவ்வொருவரும் தம் மீதுள்ள குற்ற வழக்குகள், சொத்து, கடன், கல்வித் தகுதி ஆகியவற்றைப் படிவம் 26இல் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்கிறார்கள். பொய் சொன்னால் தண்டனை உண்டு என்பதால் பிரச்சாரத் துண்டறிக்கையைவிட இது நம்பத்தக்கது. இருந்தாலும் இதுவும் அவரே சொன்னதுதான். சொத்து மதிப்பை எழுதும் கட்டுரை, எந்தத் தேர்தலுக்குத் தாக்கல் செய்த பத்திரம் என்ற ஆண்டைச் சேர்க்கவேண்டும். வழக்கு நிலுவையில் இருப்பதும் தண்டனை பெறுவதும் வெவ்வேறு என்பதை ஒரு வரியிலாவது சொல்லவேண்டும். நிலுவை வழக்கை மட்டும் எழுதி, விடுதலையானதை எழுதாமல் விட்ட பக்கம் வாழ்கிற ஒரு மனிதருக்குச் செய்யும் அநீதி.

தமிழ் விக்கிப்பீடியாவில் முன்னாள், இந்நாள் சட்டமன்ற உறுப்பினர்களைப் பற்றி ஏராளமான குறுங்கட்டுரைகள் இருக்கின்றன. அநேகமாக ஒரே சட்டகம்: இவர் ஓர் இந்திய அரசியல்வாதி, இந்த ஆண்டுத் தேர்தலில், இந்தத் தொகுதியிலிருந்து, இந்தக் கட்சியின் சார்பில் வெற்றிபெற்றார். சான்றாகத் தேர்தல் ஆணையத்தின் அறிக்கை. இவற்றைக் கேலியாகப் பார்ப்பவர்கள் உண்டு. எனக்கு இந்தக் கட்டுரைகள் மேல் மதிப்பு இருக்கிறது. கூலியில்லாமல் யாரோ உட்கார்ந்து, 1952 முதலான தேர்தல் பட்டியல்களிலிருந்து பெயர்களை மீட்டெடுத்திருக்கிறார்கள். சொன்னவை சரிபார்க்கத் தக்கவை, பொய்ப்புகழ் இல்லை. ஆனால் தேர்தல் முடிவு என்ற ஒற்றை மூலத்தில் தொடங்கி அதிலேயே முடிந்துவிடுவதால், ஐந்தாண்டுகள் அவர் பேரவையில் என்ன செய்தார் என்பது பிரவுன் கண்ட அந்த விடுபடலுக்குள் விழுந்துவிடுகிறது.

நிரப்புவதற்கான மூலம் தொலைவில் இல்லை. பேரவையில் பேசப்படுபவை நடவடிக்கைக் குறிப்புகளாகப் பதிவாகின்றன. தம் தொகுதியில் ஆற்றின் குறுக்கே பாலம் கட்ட அரசு முன்வருமா என்று ஓர் உறுப்பினர் கேட்டிருப்பார். ஆவன செய்யப்படும் என்று அமைச்சர் பதில் சொல்லியிருப்பார். அமைச்சர்கள் அவையில் கொடுத்த வாக்குறுதிகள் நிறைவேறினவா என்று பார்ப்பதற்கென்றே அரசு உறுதிமொழிக் குழு இருக்கிறது. அதன் அறிக்கைகளும் அவையின் முன் வைக்கப்படுகின்றன. கேள்வி கேட்ட தேதி, அமைச்சர் சொன்ன பதில், பாலம் வந்ததா இல்லையா என்ற மூன்றையும் சான்றோடு மூன்று வரிகளில் எழுதினால் அந்தக் குறுங்கட்டுரை வேறொரு தரத்துக்குப் போய்விடும். ஐந்தாண்டுக் குறிப்புகளையும் புரட்டிப் பார்த்து அந்த உறுப்பினரின் பெயர் எங்குமே இல்லை என்றால், நேமியரின் ஆய்வாளர்கள் செய்ததுபோல் அதையும் எழுதவேண்டும்: குறிப்புகளின் எந்தத் தொகுதி முதல் எந்தத் தொகுதி வரை பார்க்கப்பட்டது என்ற விவரத்தோடு.